தலைமாட்டுப் பக்கம்

14 ஜூலை 2003, திங்கள்

மேனேஜர் விஜயகுமார் காலையிலேயே கூப்பிட்டுவிட்டார். மாசுக் கட்டுப்பாட்டு ஆய்வுக்கு ஆட்கள் வரப்போகிறார்களாம். ரோட்டுப் பக்கத்துக் கம்பி வேலி அதற்குள் பச்சையாகிவிட வேண்டுமாம். "மரம் வெச்சா எப்ப வளர்றது? சீக்கிரம் வர்ற மாதிரி எதுனா பாருங்க மேடம்." லெட்டர் டைப் அடிக்க எடுத்த ஆளுக்கு இப்போது தோட்டமும் சேர்ந்துவிட்டது. கேட்டால் அட்மின் என்றால் எல்லாம்தான் என்பார். கும்மிடிப்பூண்டியில் இரும்பு வார்க்கிற கம்பெனிக்குப் பூ எதற்கு என்று வாய் வரைக்கும் வந்தது. கேட்கவில்லை.

திருப்பாச்சூர் நர்சரிக்காரரிடம் போன் போட்டேன். "கொடி ரோஸ் வைங்க. ஏறுறதுக்கு ஒரு பிடிப்பு இருந்தா போதும், தண்ணி கூட கேக்காது, கண்ண மூடி தொறக்குறதுக்குள்ள மூடிக்கும்" என்றார். சாயங்காலம் ஒரு வேன் நிறையக் கன்றுகள் வந்து இறங்கின. தோட்ட வேலைக்கு வரும் ரத்னா ஒவ்வொன்றாக எடுத்துப் பார்த்து, "இதுல எங்க மேடம் ரோஸு இருக்குது, வெத்தல மாதிரில்ல இருக்குது" என்று சிரித்தாள்.

காலையில் பஸ் கபர்ஸ்தானைத் தாண்டும்போது இன்றும் எட்டிப் பார்த்தேன். வெள்ளைச் சுவர், அதற்கு மேல் ஒரு வேப்பமரம். வேறு ஒன்றும் தெரியாது. எங்கள் ஊரில் பெண்கள் உள்ளே போவதில்லை. என் மகள் சைதா அந்த மண்ணுக்குள் எங்கோ இருக்கிறாள்.

13 அக்டோபர் 2003, திங்கள்

பராத் இரவுக்கு ஆண்கள் எல்லோரும் கபர்ஸ்தான் போய், இறந்தவர்களுக்காக துஆ கேட்டுவிட்டு வந்தார்கள். தம்பி அப்ராரைப் பிடித்து உட்கார வைத்துக் கேட்டேன். ஜனாஸா அன்று குழிக்குள் இறங்கி அவளை வாங்கி வைத்தது அவன்தான். இவர், சைதாவின் வாப்பா, சவூதியில் தம்மாமில் இருந்தார். போன மாதம்தானே வேலைக்குச் சேர்ந்தாய் என்று அங்கே முதலாளி அனுப்பவில்லை. அதனால் எனக்கு அப்ரார் சொல்வதுதான் கணக்கு.

"எங்கடா இருக்கா?"

"அந்த வேப்ப மரம் இருக்குதில்ல, அதுக்கு இந்தப் பக்கம்கா."

"எந்தப் பக்கம்?"

"இந்தப் பக்கம்" என்று எங்கள் வீட்டு ஃபிரிட்ஜ் இருக்கிற திசையில் கையைக் காட்டினான். நான் என்ன செய்வது? ஒன்பது வயது வரைக்கும் வளர்த்தேன். காய்ச்சல் என்று ஆஸ்பத்திரியில் சேர்த்த நாளில் இருந்து அவள் கையைத் தொட்டுக்கொண்டே இருந்தேன். பெருநாளைக்கு வைத்த மருதாணி நகத்தில் பாதி இருந்தது. பிறகு ஆண்கள் வந்து தூக்கிக்கொண்டு போனார்கள். இப்போது ஃபிரிட்ஜ் பக்கம் என்கிறான்.

கம்பெனி வேலி முழுக்க மூடிவிட்டது. கொத்துக் கொத்தாக ரோஸ் நிறம், பஸ் திரும்பும்போதே கண்ணில் அடிக்கிறது. விஜயகுமாருக்கு ஒரே சந்தோஷம். எனக்கு வேறு ஒன்று தோன்றியது.

19 அக்டோபர் 2003, ஞாயிறு

வேலியிலிருந்து வேர்விட்ட கன்று ஒன்றைப் பையில் போட்டு எடுத்து வந்து அப்ராரிடம் கொடுத்தேன். "தலைமாட்டுப் பக்கம் வை. ஏறுறதுக்குப் பிடிப்பு வேணும், பாத்துக்கோ. சுவத்துக்கு மேல தெரியணும், பஸ்ஸுல இருந்து நான் பாக்கணும்" என்று மூன்றையும் சொல்லி அனுப்பினேன். போய்விட்டு வந்து, "வெச்சாச்சு, நீ சொன்ன மாதிரியே" என்றான்.

9 ஆகஸ்ட் 2004, திங்கள்

தெரிந்துவிட்டது.

வேம்புக்கு இடது பக்கம், சுவருக்கு மேலே, கை அளவு ரோஸ் நிறம். என் பக்கத்தில் உட்கார்ந்திருந்த ஜபீனின் கையைப் பிடித்துக் காட்டினேன். ஜபீன் பேக்கிங் செக்‌ஷனில் இருக்கிறாள், எங்கள் தெருதான். அவளுக்கும் உள்ளே ஒன்று இருக்கிறது. சைதா போனதற்கு முந்தின வருஷம், பெண் குழந்தை, பெயர் வைக்கும் முன்பே போய்விட்டது. "உன் பொண்ணு பூத்துட்டாக்கா" என்றாள். அவள் கண் கலங்கியதா, எனக்குத்தான் அப்படித் தெரிந்ததா, சொல்லத் தெரியவில்லை.

அஸ்ஸலாமு அலைக்கும் சைதா என்று வாய்க்குள் சொன்னேன். பஸ் போய்விட்டது. நாள் பூராவும் எனக்கு வேலை ஓடியது.

22 பிப்ரவரி 2005, செவ்வாய்

இவர் போனில் கேட்கிற முதல் கேள்வி இப்போது இதுதான்: "பூ இருக்கா?" இருக்கு என்றேன். நம்மைப் பற்றிக் கேட்பதற்கு முன்னால் பூவைப் பற்றிக் கேட்கிறார். கோபம் வரவில்லை.

பள்ளிவாசல் நிர்வாகம் பார்க்கிற முத்தவல்லி, கபர்ஸ்தான் கேட் வளைவில் விட இன்னும் இரண்டு கன்று வேண்டும் என்று சொல்லி அனுப்பியிருக்கிறார். அக்கா கொடுத்த கொடி என்று அப்ரார் பள்ளிவாசல் முழுக்கச் சொல்லி வைத்திருக்கிறான். நாளைக்கே கொண்டு வருகிறேன் என்றேன். பெருமையாக இருந்தது. எழுதினால் என்ன, இருந்ததுதானே.

5 டிசம்பர் 2005, திங்கள்

மழை வெள்ளத்தில் ஒரு வாரமாகக் கம்பெனி பஸ் இல்லை, ரோடே இல்லை. இன்றுதான் போனோம். கபர்ஸ்தான் சுவரில் தண்ணீர் நின்ற கோடு இடுப்பு உயரத்துக்கு இருக்கிறது. உள்ளே எப்படி இருந்திருக்கும்? நினைத்துப் பார்க்கவே முடியவில்லை. பூ மட்டும் அப்படியே இருந்தது. நன்றாக இருந்தது என்றுகூடச் சொல்லலாம்.

6 மார்ச் 2006, திங்கள்

சுவர் முழுக்க ரோஸ். இந்த மூலையிலிருந்து அந்த மூலை வரைக்கும். சலாம் சொல்லப் போய், எந்த இடத்தைப் பார்த்துச் சொல்வது என்று தெரியாமல் பஸ் தாண்டிவிட்டது.

12 ஜூன் 2006, திங்கள்

கம்பெனியில் இந்தக் கொடியால் பெரிய பேஜாரு. டிரான்ஸ்ஃபார்மர் கம்பியில் ஏறிப் போன வாரம் கரண்ட் கட். வேலியோரம் வைத்த புங்கங்கன்றுகளைக் காணோம், மேலே போர்த்தியதில் வெயில் இல்லாமல் செத்திருக்கின்றன. வெட்டச் சொன்னேன். வெட்டினாள் ரத்னா, வெட்டிய இடத்தில் மூன்றாக வந்தது. மறுபடி வெட்டினாள். மறுபடி வந்தது. இன்று இரண்டு பேரும் சேர்ந்து கடப்பாரை போட்டோம்.

அடியில் கிழங்கு. ஒன்றல்ல, ஒன்றை அடுத்து ஒன்று, சர்க்கரைவள்ளி மாதிரி கோத்துக்கொண்டு, முழங்கை ஆழத்துக்கு. "ஐயே, இது இன்னா மேடம், கெழங்கு கடையே வெச்சிருக்குது" என்றாள் ரத்னா. மேலே எத்தனை வெட்டினாலும் கீழே இருக்கிற இது சோறு போடுகிறது. ஒரு துண்டு விட்டாலும் முளைக்கிறது. போன வருஷம் வெட்டிய கொடியை எல்லாம் ஏரிக்கரையில் கொட்டச் சொன்னேன். அங்கே இப்போது கருவேலம் மேலே எல்லாம் ரோஸ் பூ.

நர்சரிக்காரருக்குப் போன் செய்து சத்தம் போட்டேன். "சீக்கிரம் மூடணும்னு நீங்கதானேம்மா கேட்டீங்க" என்கிறார்.

பெயர்தான் ரோஸ், ரோஸுக்கும் இதற்கும் ஒரு சம்பந்தமும் இல்லை. இப்போதாவது சரியாகப் பார்த்து எழுதி வைக்கிறேன். இலை இதய வடிவம், ஓரம் நெளிந்து சுருங்கி இருக்கும். பூச்சரத்தின் நுனியில் ஒரு சுருள் கொக்கி, அதை வைத்துத்தான் பிடித்து ஏறுகிறது. விதை சின்னது, முக்கோணம். ரத்னா ஒரு பக்கெட் தண்ணீரில் போட்டுக் காட்டினாள், மிதக்கிறது. போன மழையில் கபர்ஸ்தான் முழுக்கத் தண்ணீர் நின்றதே.

அந்தத் தண்ணீர் வடிந்த பிறகுதான் சுவர் முழுக்க வந்தது. அங்கேயும் இதுதானே மண்ணுக்குள் இறங்கியிருக்கும்? அவள் தலைமாட்டில்? இதை யார் வைக்கச் சொன்னது? நான்தான்.

24 டிசம்பர் 2006, ஞாயிறு

இவர் லீவில் வந்திருக்கிறார். நாலு வருஷம் கழித்து. பெட்டியைக்கூடத் திறக்காமல் அப்ராரைக் கூட்டிக்கொண்டு கபர்ஸ்தான் போனார். சீக்கிரமே திரும்பிவிட்டார். லுங்கி முழுக்கச் சருகு.

"பாத்தீங்களா?"

"எங்க பாத்தாலும் பூவா இருக்குது" என்றார். லுங்கியை உதறிக்கொண்டே, "எது அவளுதுன்னு அப்ராருக்கே சொல்ல முடியல ஹுமைரா. கல்லு ஒண்ணும் தெரியல. கால வெச்சா யார் மேல வெக்கிறோம்னு பயமா இருந்துச்சு. வெளிய நின்னே துஆ கேட்டுட்டு வந்துட்டோம்."

என்னைக் குறை சொல்லவில்லை. ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் பரவாயில்லை. என்னங்க பண்றது, பாக்கணும்னுதானே வெச்சேன், பாக்கறதுக்காகத்தானே—

26 ஆகஸ்ட் 2007, ஞாயிறு

பராத்துக்கு முன்னால் ஜமாஅத்தில் ஆள் விட்டுச் சுத்தம் செய்தார்கள். அரிவாளால் நடைபாதையை மட்டும் வெட்டிவிட்டு, வெட்டியதை அங்கேயே குவித்துவிட்டார்கள். கபர் மேல் இருப்பதைத் தொடவில்லை. பச்சையாக இருக்கும்வரை செடி திக்ரு செய்யும், அல்லாஹ்வைத் துதிக்கும், கீழே இருப்பவருக்கு அது லேசாக இருக்கும் என்று பெரியவர்கள் சொல்வது. அதனால்தான் அடக்கம் செய்த கையோடு மேலே ஒரு மருதாணிக் கிளையை நட்டுவிட்டு வருவார்கள். அந்தப் பச்சையைப் பிடுங்க யாருக்குக் கை வரும்?

வெட்டினால் போகாது, கிழங்கை எடுக்கணும், வெட்டியதை எரிக்கணும் என்று அப்ராரிடம் சொல்லி அனுப்பினேன். திரும்பி வந்து சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டிக்கொண்டே சொன்னான்: "சொன்னேன்கா. 'கபர தோண்டச் சொல்றாளாடா உங்க அக்கா'ன்னு கேக்குறாங்க."

உண்மையில் எனக்கும் அதே பயம்தான். தாய்க் கிழங்கு சைதா தலைமாட்டில் இருக்கிறது. எடுக்கணும் என்றால் அங்கேதான் முதல் கடப்பாரை விழணும். எடுக்கணும் என்று சொல்கிறேன், எடுக்க வேண்டாம் என்றும் வேண்டிக்கொள்கிறேன். இப்படி ஒரு பொம்பளை.

10 ஜூலை 2008, வியாழன்

கறிக்கடை பாயின் வாப்பா இறந்துவிட்டார். சுவரோரம் கொடி மட்டும் படர்ந்து வெறுமையாகக் கிடந்த இடத்தில் குழி வெட்டினார்கள். உடலுக்கு மேல் அடுக்கி மண் மூடுகிற பலகை தட்டுப்பட்டது. சின்னப் பலகை.

ஜனாஸாவுக்குப் போன ரஃபி அங்கேதான் நின்றிருக்கிறான். ஜபீன் வீட்டுக்காரன். அந்தப் பலகையை அடுக்கியது அவன் கை. அவன் தலைமாட்டில் அடையாளத்துக்கு வைத்த சின்ன மீஸான் கல்லைக் கிழங்கு தள்ளித் தள்ளி வேறு எங்கோ கொண்டு போயிருக்கிறது. கல் கிடைத்தது தள்ளி ஒரு வேப்பங்கன்றுக்குக் கீழே, கொடியின் வேர் சுற்றிக்கொண்டு. உடனே மண்ணைத் தள்ளி மூடி, வேறு இடம் பார்த்துப் பெரியவரை அடக்கம் செய்தார்களாம்.

அப்ரார் இதைச் சொல்லி முடிக்கும்வரை நான் அடுப்பைப் பார்த்துக்கொண்டே நின்றேன். பால் பொங்கி வழிந்தது. அணைக்கத் தோன்றவில்லை. நான் வெச்ச கொடி. என் புள்ளையப் பாக்கணும்னு வெச்சது, இன்னொருத்தி புள்ள மேல மம்பட்டி விழ வெச்சிடுச்சு.

14 ஜூலை 2008, திங்கள்

ஜபீன் பஸ்ஸில் டிரைவருக்குப் பின்னால் போய் உட்கார்ந்துகொண்டாள். நான் போய்ப் பக்கத்தில் நின்றேன். "எடம் இருக்குதே, போய் உக்காருங்க" என்றாள். உக்காருங்க. எப்போதும் வாக்கா போக்கா என்பவள்.

கபர்ஸ்தான் வந்தபோது அவள் அந்தப் பக்கம் திரும்பவில்லை. நானும்.

5 அக்டோபர் 2008, ஞாயிறு

பெருநாளைக்கு ஜபீன் வீட்டுக்குச் சேமியா கொடுத்தனுப்பினேன். பாத்திரம் கழுவி, துடைத்து, காலியாகத் திரும்பி வந்தது. எங்கள் தெருவில் பெருநாள் பாத்திரத்தைக் காலியாக அனுப்புகிற வழக்கம் இல்லை.

இன்று துணிந்து பள்ளிவாசல் இமாம் ஹஜ்ரத் வீட்டுக்கே போனேன். வாசலில் நின்று எல்லாவற்றையும் சொன்னேன், கிழங்கு, விதை, ஏரிக்கரை, எல்லாம். இடையில் ஒரு தடவை அழுதுவிட்டேன். அவர் வீட்டம்மா தண்ணீர் கொண்டு வந்து கொடுத்தார். ஹஜ்ரத் பொறுமையாகக் கேட்டார்.

"பச்சைய எடுக்க மனசு வராதும்மா, நெசம்தான். ஆனா ஒரு கபர மறைச்சு, அது மேல மம்பட்டி விழ வெச்சுதே, அந்தப் பச்சைக்கு இன்னா மரியாதை? மேல் மண்ணு மட்டும் கிளறிக்கலாம். பலகை வரைக்கும் போகக் கூடாது. மழ முடியட்டும், மண்ணு எளகி இருக்கும், நானே ஜமாஅத்துல சொல்றேன்."

"எந்தக் கெழங்கு எப்படிப் போகுதுன்னு சொல்லித் தர ஆள் வேணுமே ஹஜ்ரத்."

"உனக்குத் தெரிஞ்ச ஆள அனுப்பு."

எனக்குத் தெரிந்த ஆள் ரத்னாதான்.

18 ஜனவரி 2009, ஞாயிறு

எல்லாவற்றையும் எழுதிவிட வேண்டும். வரிசையாக வருமா தெரியவில்லை.

காலையில் ரத்னாவையும் அவள் கூட்டி வந்த நாலு பெண்களையும் அழைத்துப் போனேன். அவர்கள் பாட்டுக்குக் கூடையும் கடப்பாரையுமாக உள்ளே போனார்கள். முத்தவல்லி வழிவிட்டு நின்றார். கூலிக்கு வருகிற பெண்களை யார் தடுப்பது? நான் கேட்டுக்கு வெளியே நின்றுகொண்டேன். உள்ளே அப்ரார், ரஃபி, இன்னும் சில ஆண்கள்.

வெளியே நின்றபடியே கத்தினேன். "அது கோவக்கொடி, அத விடு. இலை சுருங்கி இருக்குதா பாரு. கொக்கி இருக்குதா பாரு. தண்ட இழுக்காத, அறுந்துடும், தண்டு எங்க மண்ணுக்குள்ள எறங்குதோ அங்க மட்டும் கையால தோண்டு." ரத்னா கொஞ்ச நேரம் பொறுத்துப் பார்த்தாள். பிறகு கடப்பாரையை ஊன்றி இடுப்பில் கை வைத்துக்கொண்டு நின்றாள்.

"நீ அங்க நின்னுக்கினு சொன்னா எனக்கு இன்னா வெளங்கும்? எது கல்லு, எது மண்ணுன்னே தெரியல. உள்ள வா மேடம்."

நான் முத்தவல்லியைப் பார்த்தேன். அவர் ரோட்டில் போகிற லாரியைப் பார்த்துக்கொண்டிருந்தார். முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு, செருப்பைக் கழற்றிவிட்டு, உள்ளே போனேன்.

மத்தியானம் வரைக்கும் கல் கல்லாக வெளியே வந்தது. ஒவ்வொரு கல் வெளியே வரும்போதும் ஆண்கள் ஒரு பெயரைச் சொன்னார்கள். வெட்டியதைக் கபர்ஸ்தான் கேட்டுக்கு வெளியே குவித்து எரித்தோம், கிழங்கைச் சாக்கில் தனியாகக் கட்டினோம். கடைசியில் சுவரோரம் வந்தோம். வேம்புக்கு இடது பக்கம். நான் தினமும் பார்த்த இடம். மணிக்கட்டு கனத்துக்கு ஒரு தண்டு மண்ணுக்குள் இறங்கியிருந்தது, அதுதான் மூலம் என்று பார்த்தவுடனே தெரிந்தது.

அதன் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். "சைதா" என்றேன்.

ரஃபி ஓடி வந்தான். "இங்க மட்டும் கடப்பார வேணாம். இது என்னுது" என்றான். கறிக்கடை பாய் வீட்டுக்காக வெட்டி மூடிய இடம் அது, மண் இன்னும் புதுசாகத் தெரிந்தது. மேலே அந்தச் சின்னக் கல்லைத் திரும்ப வைத்திருந்தான்.

நான் அப்ராரைப் பார்த்தேன். "சைதாவுக்குப் பக்கத்துலயா ரஃபி புள்ள இருக்குது?"

"இல்லக்கா. சைதா அங்க" என்று உள்பக்கம் காட்டினான். சுவரிலிருந்து நாலு வரிசை தள்ளி, வேம்புக்கு வலது பக்கம்.

"கொடிய எங்கடா வெச்ச?"

"நீ சொன்ன எடத்துலதான். தலைமாட்டுப் பக்கம்னு சொன்னியே. எல்லாருக்கும் தலைமாடு வடக்கதானே, சுவரு இருக்குற பக்கம். கபர் மேல வெச்சா எதுலக்கா ஏறும்? பிடிப்பு வேணும்னு நீதானே சொன்ன. சுவத்துக்கு மேல தெரியணும்னும் சொன்ன." அவன் முகத்தில் கள்ளமே இல்லை. நான் சொன்ன மூன்றையும் ஒன்று விடாமல் செய்திருக்கிறான்.

பச்சைக் குழந்தைகளைச் சுவரோரம்தான் அடக்குவார்களாம். அது எனக்கு இன்றுதான் தெரியும். அப்போ இத்தனை வருஷம் நான் யாருக்குச் சலாம் சொன்னேன்?

அந்த இடத்தை நானே தோண்டினேன். கடப்பாரை வேண்டாம் என்று ரஃபி சொன்னதால் கையாலும் ஒரு தேங்காய்ச் சிரட்டையாலும். கிழங்கு கல்லின் அடியில் புகுந்து போயிருந்தது. கொஞ்சம் கொஞ்சமாக மண்ணைத் தள்ளி, அறுந்துவிடாமல் வெளியே எடுத்தேன். ரஃபி முழு நேரமும் கல்லை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு குந்தியிருந்தான்.

பிறகு அப்ரார் என்னை என் பெண்ணிடம் கூட்டிப் போனான். ரத்னாவின் ஆட்கள் அங்கே மேலே இருந்ததை ஏற்கெனவே எடுத்துவிட்டார்கள். அவள் பக்கத்தில் கிழங்கு எதுவும் இல்லை, விதை விழுந்து வந்த சின்ன வேர்கள்தான். இத்தனை நாள் எதற்குப் பயந்தேனோ அது அங்கே இல்லவே இல்லை. நெஞ்சு லேசாக வேண்டியதுதானே? கல்லுக்குப் பக்கத்தில் ஒரு காய்ந்த கட்டை நின்றது. கட்டைவிரலை விடக் கனம். தொட்டேன், ஒடிந்தது.

"இது இன்னாது?"

"மருதாணிக்கா. அடக்கம் பண்ணப்ப வெச்சோமில்ல, அந்தக் கிளைதான். புடிச்சுக்கினு நல்லா வந்துச்சு. நெஞ்சு ஒசரத்துக்கு இருந்துச்சு. கொடி ஏறினப்புறம் போச்சு."

"ஏன்டா என்கிட்ட சொல்லல?"

ஒடிந்த துண்டைக் கையில் வாங்கினான். "நீ பூவப் பத்திதானேக்கா கேப்ப."

ஆமாம். பூவப் பத்திதான் கேட்டேன். அவ பக்கத்துல அவளுக்குப் புடிச்சதே வளந்து நின்னிருக்குது. நெஞ்சு ஒசரத்துக்கு. சுவத்துக்கு மேல தெரியலங்கறதால எனக்குத் தெரியல. அத நானே மூடி சாகடிச்சிட்டேன்.

19 ஜனவரி 2009, திங்கள்

நகக்கண்ணில் இருக்கிற மண் போகவில்லை. தேய்க்கவும் இல்லை.

15 மார்ச் 2009, ஞாயிறு

மறுபடி முளைத்திருக்கிறது, எதிர்பார்த்ததுதான். அங்கங்கே விட்டுப்போன துண்டுகள். இலை விரிவதற்கு முன் கிள்ளிவிட்டால் கீழே இருப்பது சேமித்ததைச் செலவழித்துச் செலவழித்து ஒரு நாள் தீர்ந்துவிடும். கம்பெனி வேலியில் பாதி வரைக்கும் அப்படித்தான் ஒழித்தோம். ஆனால் ஒரு வாரம் விட்டாலும் போச்சு.

அதனால் ஞாயிற்றுக்கிழமைகளில் நானும் ரத்னாவும் போகிறோம். யாரும் ஒன்றும் சொல்லவில்லை. மகளைப் பார்க்க வருகிறேன் என்றால் ஆயிரம் பேச்சு வரும், களை பிடுங்க வருகிறேன் என்றால் முத்தவல்லியே கேட்டைத் திறந்துவிடுகிறார். கொடி முழுக்கச் செத்துவிட்டால் எனக்கு உள்ளே வேலை இல்லை. இதை யாரிடம் சொல்லி அழுவது? ரத்னாவிடம் சொன்னேன். "அப்ப ஒண்ணு ரெண்ட விட்டு வெக்கலாமா மேடம்" என்றாள். சிரித்துவிட்டேன். சரி என்று ஒரு நொடி தோன்றியதையும் எழுதி வைக்கிறேன். விடவில்லை, எல்லாவற்றையும் கிள்ளினோம்.

8 ஜூன் 2009, திங்கள்

தேர்வாய் கண்டிகையில் கம்பெனிக்கு இன்னொரு இடம் பார்க்கிறார்களாம். கட்டிடம் வருவதற்கு முன்னாலேயே வேலி போட்டுப் பச்சையாக்க வேண்டுமாம். "நம்ம கொடியவே கொண்டு போயிடலாம் மேடம், செலவில்ல" என்கிறார் விஜயகுமார். வேண்டவே வேண்டாம் சார் என்று காரணம் எல்லாம் சொன்னேன். தலையாட்டினார். சாயங்காலம் மிச்சமிருந்த வேலியில் வேறு ஆளை வைத்து வெட்டிச் சாக்கில் கட்டி வண்டியில் ஏற்றிக்கொண்டிருந்தார்கள். நான் போய் மறித்துச் சத்தம் போட்டேன். டிரைவர், "சார் சொன்னாருமா" என்றார். வண்டி போய்விட்டது.

10 ஆகஸ்ட் 2009, திங்கள்

போன வாரமும் நேற்றும் ஒரு முளைகூட இல்லை. மண்ணைக் கிளறிக் கிளறிப் பார்த்தேன். சைதா பக்கத்தில் புதிதாக வைத்த மருதாணிக் கிளையும் பிடிக்கவில்லை, காய்ந்துவிட்டது. இரண்டு தடவை வைத்தாயிற்று.

இன்று காலை பஸ்ஸில் ஜபீன் வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தாள். ஒரு வருஷத்துக்குமேல் ஆயிற்று. கைப்பையை மடியில் வைத்து அதன் ஜிப்பைத் திறந்து திறந்து மூடிக்கொண்டிருந்தாள்.

"நீ உள்ள போற இல்லக்கா."

"ம்."

"என்னுது எங்கன்னு சொல்லு. அவரக் கேட்டா, அந்தப் பக்கம்னு கைய காட்றாரு. எந்தப் பக்கம்னு நான் கண்டேன்?"

ஜனவரியிலிருந்து இதைச் சொல்ல எத்தனை தடவை அவள் வீட்டுப் பக்கம் போய்த் திரும்பியிருக்கிறேன். "ஜபீன், முதல்ல பூ தெரிஞ்சுதே, வேம்புக்கு இடது பக்கம், நீகூட என் பொண்ணு பூத்துட்டான்னு சொன்னியே. அது சைதா இல்ல. சைதா உள்ள தள்ளி இருக்கா. அப்ரார் சுவரோரமா வெச்சிட்டான். அது உன்னுது. தெனமும் உன்னுதத்தான் ரெண்டு பேரும் பாத்துக்கினு போனோம்."

ஜிப் நின்றுவிட்டது. திட்டுவாள் என்று நினைத்தேன். திட்டினால் வாங்கிக்கொள்ளலாம் என்றுதான் இருந்தேன்.

"நீ ஏதோ முணுமுணுப்பியே, அங்க வரும்போது."

"சலாம் சொல்லுவேன்."

"பேரச் சொல்லியா?"

"சைதான்னு சொல்லுவேன்."

அவள் வெளியே பார்த்துக்கொண்டே இருந்தாள். பிறகு சொன்னாள்: "பேரு வெக்காமயே போன புள்ளக்கா அது. யாரும் ஒரு பேரு சொல்லிக் கூப்ட்டதில்ல. நீயாவது கூப்ட்டிருக்க."

கபர்ஸ்தான் வந்தது. புதிதாக வெள்ளையடித்த சுவர், அதற்கு மேல் வேம்பு மட்டும். இரண்டு பேரும் இடது பக்கம் பார்த்தோம், பிறகு வலது பக்கம். ஜபீன் வாய்க்குள் ஏதோ சொன்னாள். எந்தப் பெயர் என்று நான் கேட்கவில்லை.